ஒரே வீடு, இரண்டு சாவிகள்

அன்புள்ள பாப்பாவுக்கு,

ஞாயிற்றுக்கிழமை போனில் நீ கேட்டதற்குப் பதில் சொல்லாமல், குக்கர் விசில் அடிக்கிறது என்று சொல்லி வைத்துவிட்டேன். அன்றைக்கு அடுப்பில் குக்கரே இல்லை. முந்தின நாள் சோற்றில் தண்ணீர் ஊற்றி வைத்திருந்தேன், அதுதான் எங்கள் இருவருக்கும் சாப்பாடு.

"நான் பொய் சொல்லலையேம்மா. யாரும் என்னைக் கேட்கலை, நானும் சொல்லலை. அது எப்படித் தப்பாகும்?" என்றாய். வார்டில் ராத்திரி மருந்து ஒரு மணி நேரத்துக்கு மேல் தாமதமாகக் கொடுக்கப்பட்டதும், சார்ட்டில் மட்டும் சரியான நேரம் எழுதியிருந்ததும் உன் கண்ணில் பட்டிருக்கிறது. எழுதியவர் உன் சீனியர். நீ போய் இறங்கிய புதிதில் வீடு பார்த்துக் கொடுத்து, அட்வான்ஸுக்குப் பணமும் தந்த அதே அக்கா. நோயாளி நல்லபடியாக வீட்டுக்குப் போய்விட்டார். இதுதானே விஷயம்?

வாயால் பேசினால் பாடம் நடத்துகிற தொனி வந்துவிடும், உனக்கும் பிடிக்காது. அதனால் எழுதுகிறேன். ஆனால் பாடம் கொஞ்சம் வரத்தான் செய்யும், பொறுத்துக்கொள்.

உனக்கு இங்கிலாந்தில், கோவென்ட்ரியில் வேலை கிடைத்தபோது நான் குதித்தது நினைவிருக்கிறதா? "என் வேலையைவிட அந்த ஊர்தான் உனக்குப் பெரிசு" என்று கோபித்துக்கொண்டாய். ஆங்கில நாவலாசிரியை ஜார்ஜ் எலியட் 1841 முதல் 1849 வரை அப்பாவோடு வாழ்ந்த ஊர் அது. அவளுடைய சொந்தப் பெயர் மேரி ஆன் எவன்ஸ். 1842 தொடக்கத்தில், இனி சர்ச்சுக்கு வரமாட்டேன் என்று அப்பாவிடம் சொல்லிவிட்டாள். வீட்டில் சில மாதம் பெரிய சண்டை. கடைசியில் சர்ச்சுக்கு வருகிறேன், ஆனால் அங்கே உட்கார்ந்து என்ன நினைப்பேன் என்பது என் விருப்பம் என்று சமாதானமானாள். பின்னாளில் மணமாகி மனைவியைப் பிரிந்திருந்த ஜார்ஜ் ஹென்றி லூயிஸோடு, அவருக்கு விவாகரத்து கிடைக்க வழியில்லாததால், கல்யாணம் செய்யாமலே வாழ்ந்தாள். சொந்த அண்ணன் 20 வருஷத்துக்கு மேல் அவளோடு பேசவில்லை. ஊர் ஒழுக்கம் கெட்டவள் என்று சொன்ன அந்தப் பெண் எழுதிய அளவுக்கு ஒழுக்கத்தைப் பற்றி நுணுக்கமாக எழுதியவர்கள் ஆங்கிலத்தில் குறைவு என்பது என் அபிப்பிராயம். சாமியை விட்டவளுக்குக் கடமையை விட முடியவில்லை.

அவளுடைய 'மிடில்மார்ச்' நாவல் 1871, 1872-இல் எட்டுப் பகுதிகளாக வந்தது. கதை நடப்பது அதற்கு நாற்பது வருஷம் முன்பு. அந்தக் கற்பனை ஊருக்கு மாதிரி உன் கோவென்ட்ரிதான் என்று பொதுவாகச் சொல்வார்கள். அதில் ஸ்டோன் கோர்ட் என்று ஒரு வீடு வருகிறது. அந்த ஒரே வீட்டில், வருஷ இடைவெளியில், இரண்டு ராத்திரிகள். இரண்டிலும் ஒருவர் செத்துக்கொண்டிருக்கிறார், இரண்டிலும் ஒரு சாவி இருக்கிறது. கல்லூரியில் வருஷக்கணக்காக இந்த நாவலை நடத்திய பிறகுதான் இது எனக்கே உறைத்தது.

முதல் ராத்திரி. ஃபெதர்ஸ்டோன் என்ற பணக்காரக் கிழவர், ஊரையே உயில் காட்டி ஆட்டிவைத்தவர். விடியும் முன் மூன்று மணி வாக்கில், காவலுக்கு இருந்த மேரி கார்த்தை எழுப்புகிறார். பெட்டியில் இரண்டு உயில் இருக்கிறது, ஒன்றை எரிக்க வேண்டும், சாவியை எடு, பணம் தருகிறேன் என்கிறார். ஏறக்குறைய 200 பவுண்ட். மேரி பணமில்லாத வீட்டுப் பெண். உங்கள் வாழ்க்கையின் முடிவு என் வாழ்க்கையின் தொடக்கத்தைக் கறைப்படுத்த விடமாட்டேன் என்று சொல்லித் தொட மறுக்கிறாள். விடியும்போது கிழவர் ஒரு கையில் சாவியும் இன்னொரு கையின் கீழ் பணக் குவியலுமாகச் செத்துக் கிடக்கிறார். கடைசி உயிலே செல்லுகிறது. மேரி நேசிக்கும் ஃபிரெட்டுக்கு முந்தின உயில்படி வந்திருக்க வேண்டிய 10,000 பவுண்ட் போய்விடுகிறது. அவள் சாவியைத் தொட்டிருந்தால் அது அவனுக்குக் கிடைத்திருக்கலாம். அது அவளுக்குத் தெரியவருவது உயில் வாசிக்கிற அன்றைக்குத்தான்.

இரண்டாம் ராத்திரிதான் உன் கேள்விக்குப் பக்கத்தில் வருவது. அந்த வீட்டை இப்போது வாங்கியிருப்பவர் பல்ஸ்ட்ரோட். பேங்க் நடத்துகிறவர், ஊருக்கே பக்தியைப் போதிக்கிறவர். அவருடைய சொத்தின் வேர் அழுகல். லண்டனில் திருட்டுப் பொருள் வாங்கிய ஒரு அடகுக் கடையில் ஆரம்பித்து, முதலாளியின் விதவையைக் கட்டிக்கொண்டு, அந்த அம்மாளின் காணாமல்போன மகள் உயிரோடு இருப்பது தெரிந்தும் மறைத்துச் சேர்த்த பணம். அந்த மகளைத் தேடிக் கண்டுபிடித்தவன் ராஃபிள்ஸ். வாயை மூட அவனுக்குக் காசு கொடுத்தார். வருஷங்கள் கழித்து, குடித்துச் சீரழிந்து, மிரட்டிப் பணம் பிடுங்க வந்தவன் அதே வீட்டில் படுத்த படுக்கையாகிறான்.

மருத்துவர் லிட்கேட் வருகிறான். இளைஞன், கெட்டிக்காரன், கழுத்துவரை கடன். வீட்டுச் சாமான்களை ஜப்தி செய்ய ஆள் வந்து உட்கார்ந்தாயிற்று. மதுவே கொடுக்கக் கூடாது, தூக்கம் வராவிட்டால் அபினி கொஞ்சம், இத்தனை வேளைக்கு மேல் நிறுத்திவிட வேண்டும் என்று திருத்தமாகச் சொல்கிறான். கொஞ்ச நாள் முன்பு கடன் கேட்டபோது கையை விரித்த பல்ஸ்ட்ரோட், அன்றைக்கு 1,000 பவுண்டுக்கு செக் எழுதித் தருகிறார்.

அன்று ராத்திரி வேலைக்கார அம்மாளிடம் நோயாளியை ஒப்படைக்கிறார். அபினியை எப்போது நிறுத்த வேண்டும் என்று சொல்ல மறந்துவிடுகிறார். பிறகு நினைவு வருகிறது. மாடி ஏறுகிறார், நடையில் நிற்கிறார், தன் அறைக்கே போய்விடுகிறார். கொஞ்ச நேரத்தில் அந்த அம்மாள் கதவைத் தட்டி, ஆள் துவண்டு போகிறார், கொஞ்சம் பிராந்தி கொடுக்கலாமா என்கிறாள். பதில் இல்லை. மறுபடி கெஞ்சுகிறாள். ஒரு அங்குலமே திறந்திருந்த கதவு வழியாக மதுப் பெட்டியின் சாவி வெளியே நீளுகிறது.

அவ்வளவுதான். அவர் விஷம் வைக்கவில்லை, பொய்கூடச் சொல்லவில்லை. அந்தக் காலத்தில் பெரும்பாலான டாக்டர்களே இந்த நோய்க்குப் பிராந்தி கொடுத்தார்கள், அதனால் எந்த கோர்ட்டிலும் நிற்காது. காலையில் எழுந்து ஜெபம் வேறு செய்கிறார். தனியாக இருக்கும்போது செய்கிற ஜெபமும் உண்மை பேச வேண்டும் என்று கட்டாயம் இல்லையே என்கிற மாதிரி ஒரு குத்தல் வரும் அந்த இடத்தில். வகுப்பில் அதை வாசித்துவிட்டு எப்போதும் சிரிப்பேன்.

ஆனால் உனக்கு இதைச் சொல்வது பல்ஸ்ட்ரோடுக்காக இல்லை, லிட்கேட்டுக்காக. அவன் வரும்போது ராஃபிள்ஸ் கடைசி மூச்சில் இருக்கிறான். லிட்கேட்டுக்கு ஆச்சரியம், இப்படி முடிய வேண்டிய கேஸ் இல்லையே என்று. மாற்றம் எப்போது தொடங்கியது என்று கேட்கிறான். அதற்கு மேல் துருவவில்லை. பையில் அந்த செக்.

பிறகு பழைய கதை வெளியே தெரிந்து, ஊர்க்கூட்டத்தில் பல்ஸ்ட்ரோடின் மானம் போகிறது. எழுந்து நடக்க முடியாமல் தள்ளாடுகிறார். லிட்கேட் கை கொடுத்து வெளியே கூட்டிப்போகிறான், அதோடு அவன் பெயரும் சேர்ந்து போகிறது. எம்.ஏ. பிள்ளைகள் உடனே "செஞ்சோற்றுக் கடன், மேடம்" என்பார்கள். கர்ணனை எங்கே கண்டாலும் நம் பிள்ளைகளுக்குக் கண் கலங்கிவிடும். நான் ஒத்துக்கொண்டதில்லை. விழப்போகிறவனைப் பிடிப்பது டாக்டரின் கை, அது பணத்துக்காகச் செய்தது இல்லை. பணம் வேலை செய்தது அதற்கு முன்பே, அந்தப் படுக்கைக்குப் பக்கத்தில். அது அவனுக்கும் தெரிகிறது. பணம் வாங்காமல் இருந்திருந்தால் கேட்டிருப்பேனா என்று தன்னையே குடைகிறான். நோயாளி அதனால்தான் செத்தானா என்பதுகூட அவனால் நிச்சயமாகச் சொல்ல முடியாது. அப்படியும் அந்தக் கேள்வி அவனை விடுவதில்லை.

சரி, இப்போது நான் போனை வைத்த காரணம்.

நீ பிளஸ் டூ படித்த வருஷம் அப்பாவுக்கு பைபாஸ். ஆஸ்பத்திரியில் அன்று மாலைக்குள் பணம் கட்டச் சொன்னார்கள். கல்லூரிச் செயலர் ஒரே நாளில் இரண்டு லட்சம் முன்பணமாக ஏற்பாடு செய்து தந்தார். மனு எழுதக்கூட விடவில்லை, "அதெல்லாம் அப்புறம்" என்றார். தங்கமான மனுஷர் என்று வீடெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

ஆறு வாரம் கழித்து, எங்கள் துறையில் தற்காலிகமாக வேலை பார்த்த ஒரு பெண்ணை நிறுத்தினார்கள். அனுமதியில்லாமல் 11 நாள் வரவில்லை என்று பதிவேடு சொன்னது. துறைத்தலைவர் கையெழுத்துக்கு என் மேஜைக்கு வந்தது. அந்த 11 நாளில் ஒரு நாள் நல்ல மழை. அவள் சேலை முழுக்க நனைந்து வந்து நின்றாள், என் டீயைத்தான் பாதி குடித்தாள். அந்தத் தேதிக்கு நேராக 'வரவில்லை' என்று இருந்தது. பார்த்தேன். யாரும் என்னை ஒன்றும் கேட்கவில்லை. கையெழுத்துப் போட்டேன்.

முன்பணம் வாங்காமல் இருந்தால் கேட்டிருப்பேனா? எனக்கும் தெரியாது, பாப்பா. அவளை வேலையிலிருந்து நிறுத்த வேறு காரணமும் இருந்திருக்கலாம் என்று எத்தனையோ தடவை சொல்லிப் பார்த்துவிட்டேன். அடுத்த வருஷம் இந்த நாவல் நடத்தும்போது, இந்தப் பகுதி பரீட்சைக்கு வராது என்று சொல்லித் தாண்டிவிட்டேன். வகுப்பில் ஒருத்திக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

ரெண்டு வருஷம் கழித்து அந்தப் பெண் வண்ணார்பேட்டை பஸ் ஸ்டாப்பில் கைக்குழந்தையோடு நின்றாள். "மேடம், சாருக்கு இப்ப எப்படி இருக்கு?" என்றுதான் முதலில் கேட்டாள்.

அந்த சீனியர் அக்காவைப் பற்றி என்ன செய்வது என்று நான் சொல்லப்போவதில்லை. அங்கே உங்கள் நடைமுறை எனக்குத் தெரியாது. அவரிடமே முதலில் பேசலாமே என்று தோன்றுகிறது, அதுவும் என் கோழைத்தனமாக இருக்கலாம். அட்வான்ஸுக்கு அவர் தந்த பணத்தில் பாக்கி எவ்வளவு என்று மட்டும் சொல், இந்த மாதப் பென்ஷனில் அனுப்புகிறேன். லிட்கேட்டுக்கும் டொரோதியா என்ற ஒருத்திதான், அவனை நம்பி, பல்ஸ்ட்ரோடிடம் திருப்பிக் கொடு என்று அந்த 1,000 பவுண்டைத் தந்தாள். பணம் திரும்பிப் போனது. ஆனாலும் அவன் அந்த ஊரில் இருக்க முடியவில்லை.

74ஆம் அத்தியாயத்தை மட்டும் படி. பல்ஸ்ட்ரோடின் மனைவி ஹாரியட்டுக்கு விஷயம் தன் சகோதரரிடமிருந்து தெரிந்துவிடுகிறது. அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்கிறாள். பிறகு நகையெல்லாம் கழற்றி, சாதாரணக் கறுப்பு உடைக்கு மாறி, கணவர் இருக்கும் அறைக்கு வந்து, நிமிர்ந்து பாருங்கள் என்கிறாள். என்ன செய்தீர்கள் என்று கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. இருவரும் அழுகிறார்கள். முன்னெல்லாம் அந்த இடத்தில் எனக்கு அவளைத்தான் பிடிக்கும். இப்போது படித்தால், அவர் வாயைத் திறக்காதது தான் கண்ணில் நிற்கிறது.

அப்பாவுக்கு அந்தக் கையெழுத்து பற்றித் தெரியாது. அவருடைய ஆபரேஷன் பணம் இதில் வருகிறது என்பதால் இத்தனை வருஷமாகச் சொல்லவில்லை. இப்போது மாடியில் செடிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருக்கிறார். கீழே வந்ததும் சொல்லப்போகிறேன். அதற்கு முன்பே இந்தக் கவரை ஒட்டிவிடுகிறேன், இல்லாவிட்டால் திருத்தி எழுதத் தோன்றும்.

அன்புடன்,
அம்மா