மாறுதல் ஆணையும் மதுரைக் கிளையும்: மகனுக்கு ஒரு கடிதம்

அன்பு குமரா,

நேற்று போனில் நீ கொதித்த கொதிப்பில் நான் நினைத்த எதையும் சொல்ல முடியவில்லை, அதனால் எழுதுகிறேன். தஞ்சாவூரிலிருந்து ராமநாதபுரத்துக்கு மாறுதல், காரணம் கேட்டால் ஆணையில் "நிர்வாக நலன் கருதி" என்று ஒரே வரி, சங்கத்துக்காரர்கள் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டு ஆணைக்கு ஸ்டே, அதாவது தடை, வாங்கிவிடலாம் என்கிறார்கள். சரி, போடு. எதைச் சொல்லிப் போடப் போகிறாய்?

உன் அம்மா ஊழியர் விவகாரங்களைப் பார்க்கும் பணியமைப்புப் பிரிவில் உட்கார்ந்து இந்த மாதிரி வழக்குகளுக்கு அரசு வக்கீலுக்குப் பத்திவாரிக் குறிப்பு (மனுவின் ஒவ்வொரு பத்திக்கும் பதில்) தயாரித்துக் கொடுத்தவள். மனைவிக்கு இங்கே வேலை, பிள்ளைக்குப் பரீட்சை, அப்பாவுக்கு டயாலிசிஸ் என்று மனுதாரர் பக்கம் பக்கமாக எழுதியிருப்பார், படிக்கும்போது எனக்கே மனசு கேட்காது. பதில் எழுத அரைப் பக்கம் போதும். மாறுதலுக்குரிய பணியில் இருப்பவருக்கு ஒரே ஊரில் இருக்க உரிமை கிடையாது, ஷில்பி போஸ் வழக்கைப் பார்க்கவும், அவ்வளவுதான். அது 1990-ல் வந்த தீர்ப்பு. பீகாரில் ஆசிரியைகள் சிலர் கேட்ட ஊருக்கு மாறுதல் வாங்க, அவர்களால் இடம் பெயர்க்கப்பட்ட ஆசிரியர்கள் கோர்ட்டுக்குப் போய் உயர்நீதிமன்றத்தில் ஜெயித்தும் விட்டார்கள். உச்சநீதிமன்றம் அதைத் திருப்பிப் போட்டது. அரசின் வழிகாட்டு நெறிமுறையை மீறிய மாறுதலாகவே இருந்தாலும் மேலதிகாரியிடம் முறையிடு, கோர்ட் சாதாரணமாகத் தலையிடாது என்று அதில் சொல்லியிருக்கிறார்கள்.

கணவன் மனைவி ஒரே ஊரில் என்ற விஷயத்தைத்தான் நீ பெரிதாக நம்புகிறாய். 1993-ல் அப்பாஸ் என்ற மத்திய அரசு ஊழியர், ஷில்லாங்கிலிருந்து பௌரிக்கு மாற்றியபோது இதையேதான் சொன்னார், மனைவியும் அதே ஊரில் அரசு வேலையில்தான் இருந்தார். தம்பதியை ஒரே ஊரில் வைக்கலாம் என்ற அரசு நெறிமுறையை அதிகாரி கணக்கில் எடுக்க வேண்டும், ஆனால் அது சட்டப்படி கேட்டு வாங்கும் உரிமை இல்லை என்று முடிந்தது. அதனால் மருமகள் வேலையையும் குட்டியின் படிப்பையும் துறைத் தலைவருக்குத் தனி மனுவாக எழுது, அங்கே அதற்கு மதிப்பு உண்டு.

கோர்ட்டில் நிற்கக்கூடியது வேறு. ஆணை போட்டவருக்கு அந்த அதிகாரம் இருக்கிறதா, சட்டப்படியான பணிவிதி எதையாவது மீறியிருக்கிறதா, உள்நோக்கம் இருக்கிறதா, இவ்வளவுதான் பார்ப்பார்கள். இதில் உள்நோக்கம் என்று வாயால் சொல்வது சுலபம். சொன்னால் அந்த அதிகாரியைப் பெயர் போட்டு எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும், நிரூபிக்கும் பாரமும் உன் தலையில்தான். நம் மாநிலத் தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பாவே அன்றைய முதலமைச்சர் மீது இந்தக் குற்றச்சாட்டை வைத்து உச்சநீதிமன்றம் வரை போனார். எதேச்சையான அரசு நடவடிக்கை சமத்துவத்துக்கு விரோதம் என்று இன்றும் எல்லா வக்கீலும் மேற்கோள் காட்டும் வரி அந்த வழக்கில்தான் பிறந்தது, ஆனால் ராயப்பா தோற்றுப்போனார். (வக்கீல்கள் இந்தப் பின்பாதியைச் சொல்ல மாட்டார்கள்.)

இப்போது உன் விஷயத்துக்கு வருகிறேன். பேச்சுவாக்கில் ஒன்று சொன்னாய், உன்மேல் ஒரு மொட்டைப் பெட்டிஷன் வந்தது, விசாரித்தார்கள், ஒன்றும் இல்லை என்று ரிப்போர்ட் போனது, அடுத்த மாதமே மாறுதல் என்று. ஏதோ புலம்பல் மாதிரி சொல்லிவிட்டுப் போய்விட்டாய், உன் வழக்கே அதில்தான் இருக்கிறது. சோமேஷ் திவாரி என்ற அதிகாரியின் கதையும் இதேதான்: அநாமதேயப் புகார், விசாரணையில் எதுவும் நிரூபணமாகவில்லை, ஆனாலும் போபாலிலிருந்து ஷில்லாங்குக்கு மாறுதல். தண்டனைக்குப் பதிலாகப் போடும் மாறுதல் செல்லாது என்று 2008 டிசம்பரில் உச்சநீதிமன்றம் ரத்து செய்தது. புகார் நகல், விசாரணை அறிக்கை, மாறுதலுக்கான குறிப்புக் கோப்பு மூன்றையும் தகவல் உரிமைச் சட்டத்தில் இன்றே கேள். 30 நாளில் பதில் தர வேண்டும், அது வரும்வரை காத்திருக்காமல் கையில் இருக்கும் தேதிகளை வைத்தே மனுவைத் தயார் செய்யச் சொல். இப்போதைய இடத்திலிருந்து உன்னைப் பணிவிடுப்பு (ரிலீவ்) செய்வதற்குள் தாக்கல் செய்துவிட்டால் நல்லது, ஆன பிறகு போனால் ஆணை ஏற்கெனவே நிறைவேற்றப்பட்டுவிட்டது என்று அரசு வக்கீல் எழுந்து நிற்பார்.

தடை கிடைக்காவிட்டால் போய்ச் சேர்ந்துவிடு. மெடிக்கல் லீவு போட்டு ஓட்டலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதே, மெடிக்கல் போர்டுக்கு அனுப்புவார்கள், அப்புறம் 17(பி), அதாவது பெரிய தண்டனைக்கான ஒழுங்கு நடவடிக்கைக் குற்றச்சாட்டு, வரும். மேலதிகாரியிடம் கொடுத்த மனு நிலுவையில் இருக்கிறது என்று சொல்லிப் புது இடத்தில் சேராமல் இருந்த குஜராத் மின்வாரியப் பொறியாளர் ஒருவருக்கு வேலையே போனது, 1989-ல் உச்சநீதிமன்றமும் அதைச் சரி என்றது. வழக்கின் முடிவுக்கு உட்பட்டுச் சேர்கிறேன் என்று எழுதிக்கொடுத்துச் சேர், வழக்கு பாட்டுக்கு நடக்கட்டும். "மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்தில் முடிவெடுக்கவும்" என்று மட்டும் துறைக்குக் கோர்ட் உத்தரவு போட்டால் ஜெயித்ததாக இனிப்பு வாங்கிக் கொடுத்துவிடாதே, பரிசீலித்து நிராகரித்து ஒரு கடிதம் வரும், நானே அப்படி எத்தனையோ வரைவு எழுதியிருக்கிறேன்.

மாறுதல் ஆணையை இரண்டு பக்கமும் போட்டோ எடுத்து இன்று ராத்திரிக்குள் அனுப்பு. யார் கையெழுத்து, மேலே "பார்வை" என்ற இடத்தில் எந்தக் கடிதத்தைக் குறிப்பிட்டிருக்கிறார்கள் என்று நான் பார்க்க வேண்டும்.

அம்மா