சிட்னிப் பள்ளிகளின் வரலாற்று ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஆசிரியர்களே,

வணக்கம். என் மகளின் வரலாற்று நோட்டைப் புரட்டிக்கொண்டிருந்தேன். வில்லியம் வென்ட்வொர்த்தைப் பற்றி நிறைய இருந்தது: 1813இல் நீலமலைகளைத் தாண்டியவர், 1853இல், அன்று பிரிட்டிஷ் காலனியாக இருந்த நியூ சவுத் வேல்ஸுக்கு அரசியலமைப்பு வரைந்தவர். அதெல்லாம் சரி. அந்த வரைவை எதிர்த்து மேடையேறிய டேனியல் ஹென்றி டெனிஹியின் பெயரைத்தான் எங்கும் காணோம். மனசு கேட்காமல் இதை எழுதுகிறேன்.

டெனிஹி 1828இல் சிட்னியில் பிறந்தவர். தாய் தகப்பன் இருவரும் அயர்லாந்திலிருந்து கைதிகளாகக் கப்பலேற்றப்பட்டவர்கள். தண்டனை முடிந்த தகப்பன் வியாபாரத்தில் நாலு காசு சேர்த்து மகனைப் படிக்கவைத்தார். நிக்கல் ஸ்டென்ஹவுஸ் என்ற ஸ்காட்லாந்துக்காரரிடம் சட்டத் தொழில் பழகி 1851இல் சொலிசிட்டர் (வழக்கறிஞர்) ஆனார் மகன். ஸ்டென்ஹவுஸ் புத்தகப் பித்தர். சட்டத்தோடு இலக்கியமும் அங்கே டெனிஹியைப் பிடித்துக்கொண்டது.

வென்ட்வொர்த்தின் திட்டத்தில் பரம்பரைப் பிரபு பட்டமும் ஒன்று. பெருநிலக்காரர்கள் பிரபுக்களாவார்கள், தகப்பனுக்குப் பின் பட்டம் மகனுக்குப் போகும், மேலவை அவர்கள் கையில் இருக்கும். இத்தனைக்கும் வென்ட்வொர்த்தின் தாயும் கைதியாக வந்தவர்தான். ஒரு காலத்தில் விடுதலையான கைதிகளின் உரிமைக்காகக் குரல் கொடுத்தவரும் அவரே. அதை நினைக்கும்போதுதான் எனக்கு அதிகம் வலிக்கிறது.

1853 ஆகஸ்ட் 15, சிட்னி விக்டோரியா தியேட்டர். இருபத்தைந்தை எட்டிக்கொண்டிருந்த, உருவத்தில் மிகச் சிறிய டெனிஹி பேச எழுந்தார். இந்த மண்ணில் எல்லாமே தலைகீழ், சாதாரண நீரெலி இங்கே வாத்து மூக்குடன் பிளாட்டிபஸ் ஆகிவிட்டது, அந்த வரிசையில் நமக்கு ஒரு ‘பன்யிப்’ பிரபுக்குலமும் வாய்க்கப்போகிறது என்றார். பன்யிப் என்பது பூர்வகுடிகளின் கதைகளில் சதுப்புநிலத்தில் வாழும் பூதம். அன்றைய சிட்னிப் பேச்சில் போலி ஆசாமிக்கும் அதுவே பெயர். பெருநிலக்காரர்களில் ஒருவரான ஜேம்ஸ் மக்கார்தருக்கு கேம்டன் பிரபு என்று கேலியாகப் பட்டம் கொடுத்து, பச்சைப் பின்னணியில் ஒரு ரம் பீப்பாயைக் குலச்சின்னமாக வரைந்தும் காட்டினார். மக்கார்தரின் தகப்பன் ரம் வியாபாரத்துக்குப் பேர்போன படைப்பிரிவில் அதிகாரியாக இருந்தவர் என்பது ஊருக்கே தெரியும். எதிர்ப்பு வலுத்தது. பரம்பரைப் பட்டம் கைவிடப்பட்டது.

பன்யிப் கேலி இன்னும் நினைவில் நிற்கிறது. 2014இல் அன்றைய ஆஸ்திரேலியப் பிரதமர் டோனி அபாட் சர் பட்டங்களைத் திரும்பக் கொண்டுவந்தபோதும் அது காதில் விழுந்தது. ஆனால் டெனிஹி அதோடு நிறுத்தவில்லை. மனிதத் திறமை எங்கே ஓங்கி நிற்கிறதோ அங்கே மரியாதைக்குரிய பிரபுக்குலம் உண்டு என்றார். உழைப்புக்குத் தக்க பலன் கிடைக்கும் நாடு இது, இங்கே சட்டம் ஒரு வர்க்கத்தின் மேலாண்மையையும் ஏற்காது, ஒரு மதத்தின் மேலாண்மையையும் ஏற்காது, அப்படிப்பட்ட நாட்டைத்தான் வந்தேறுகிறவர்களுக்குக் கொடுக்க வேண்டும் என்றார். குடியேறி வந்த நான் இந்த இடத்தை எத்தனை முறை படித்தாலும் தொண்டை அடைக்கிறது. அந்த நிலம் முதலில் யாருடையது என்ற கேள்வியையும் பிள்ளைகள் அதே வகுப்பில் கேட்கட்டும்.

1857இல் ஆர்கைல் தொகுதியிலிருந்து சட்டமன்றம் போனார். பிறகு பத்திரிகை நடத்தினார். குடி அவரைத் தின்றது. 1865இல் பாதர்ஸ்ட்டில் இறந்தபோது வயது 37. பிள்ளைகளிடம் இதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் இதை மட்டும் சொல்லி முடித்துவிடாதீர்கள்.

நான் கேட்பது ஒரே ஒரு பாடவேளை. வென்ட்வொர்த்தின் வரைவை நடத்தி முடித்த மறுநாள் டெனிஹியின் பேச்சை ஒரு மாணவி எழுந்து நின்று சத்தமாக வாசிக்கட்டும். என் மகள் இப்போதே வீட்டில் வாசித்துப் பழகிக்கொண்டிருக்கிறாள்.

அன்புடன்,
சிட்னியில் வாழும் ஒரு தாய்