சட்க்ளிஃப் என்ன எழுதினார் என்றும் சொல்லுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

உங்கள் ஞாயிறு சிறுவர் இணைப்பில் ஆங்கில எழுத்தாளர் ரோஸ்மேரி சட்க்ளிஃப் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். அவரைப் பற்றி எழுத நினைத்ததற்கே முதலில் நன்றி. ஆனால் அரைப் பக்கமும் மூட்டுவாதம், சக்கர நாற்காலி, விடாமுயற்சி, விருது, அவ்வளவுதான். அவர் எழுதிய கதை என்ன என்று ஒரு வரி கிடையாது. இதைப் படிக்கிற பிள்ளை அவர் புத்தகத்தைத் தேடிப் போக ஒரு காரணமாவது வேண்டாமா?

நோயைச் சொல்லக் கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. 1920இல் பிறந்தவருக்குச் சின்னக் குழந்தையிலேயே ஸ்டில்ஸ் நோய் என்கிற மூட்டுவாதம் வந்துவிட்டது, அப்பா கடற்படை அதிகாரி என்பதால் மால்டா, அப்புறம் இங்கிலாந்தில் கப்பல்துறை ஊர்கள் என்று குடும்பம் மாறிக்கொண்டே இருந்தது, நடுநடுவே மருத்துவமனை. ஒன்பது வயது வரை அவருக்கு வாசிக்கவே தெரியாது. அம்மாதான் கிப்ளிங், டிக்கன்ஸ் என்று எல்லாவற்றையும் வாசித்துக் காட்டினார். சட்க்ளிஃப் எழுத்தை வாய்விட்டுப் படித்தால் எங்கேயும் நாக்கு இடறாது, அது இப்படிக் கேட்டு வளர்ந்ததால் வந்தது என்றே எனக்குத் தோன்றும். சிப்பாய்கள் பேசிக்கொள்வது அவர் கதையில் அத்தனை இயல்பாக இருப்பதற்குக் கடற்படைக்காரர்கள் நடுவில் வளர்ந்ததும் காரணமாக இருக்கலாம். 14 வயதில் பள்ளியை விட்டு ஓவியம் படித்து, உள்ளங்கை அளவுப் படங்கள் வரைவதையே தொழிலாகச் செய்தார். முதல் புத்தகங்கள் 1950இல் வந்தன.

இனிமேல் சொல்வதுதான் உங்கள் கட்டுரையில் விடுபட்டது. 1954இல் வந்த 'தி ஈகிள் ஆஃப் தி நைன்த்' நாவலுக்கு விதை இரண்டு விஷயங்கள். ஒன்று, ரோமானியர்களின் ஒன்பதாம் படைப்பிரிவு கி.பி. 117 வாக்கில் பிரிட்டனின் வடக்கே போய்த் திரும்பவே இல்லை என்று அப்போது நம்பப்பட்டது. இன்னொன்று, 1866இல் தென் இங்கிலாந்தில் சில்செஸ்டர் என்ற ஊரில் மண்ணுக்குள்ளிருந்து கிடைத்த சிறகில்லாத வெண்கலக் கழுகு. (அது ரோமானியப் படை கொடிபோல் ஏந்திப் போகும் கழுகுச் சின்னமே இல்லை, ஒரு சிலையின் பகுதியாக இருக்கலாம் என்று ஆய்வாளர்கள் பிறகு சொன்னார்கள். இருந்துவிட்டுப் போகட்டும், கதைக்கு ஒன்றும் குறையவில்லை.) கதாநாயகன் மார்க்கஸ் முதல் பொறுப்பிலேயே கால் நொறுங்கிப் படையை விட்டு வெளியே வருகிறான். அவன் வந்து தங்கும் உறவினர் வீடு அதே சில்செஸ்டரில் இருக்கிறது, மீதியை நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள். அங்கிருந்து, அந்தப் படையோடு காணாமல் போன அப்பாவுக்கு என்ன ஆனது என்று தெரிந்துகொள்ளவும் படையின் கழுகை மீட்கவும், ரோமானியர்கள் வடக்கு எல்லையில் கட்டிய ஏட்ரியன் சுவரைத் தாண்டிப் போகிறான். கூடப் போகிறவன் எஸ்கா, தோற்ற பிரிட்டன் குலம் ஒன்றிலிருந்து அடிமையானவன்.

எனக்கு ரொம்பப் பிடித்த இடம் சண்டையே இல்லாத ஒரு பேச்சு. வந்தவர்களை எங்கள் ஆட்கள் ஏன் ஏற்பதில்லை என்று சொல்ல எஸ்கா இரண்டு பொருளைக் காட்டுகிறான். ரோமானியக் கத்தி உறையில் கோடும் வடிவமும் அளந்து வைத்தாற்போல் இருக்கும், பிரிட்டன் கேடயத்தின் குமிழில் ஒரு வளைவிலிருந்து இன்னொரு வளைவு நீர் ஓடுகிற மாதிரி ஓடும். உங்கள் சாலையும் சட்டமும் நல்லதாகவே இருக்கட்டும், இந்த வளைவை வரைகிறவனுக்கு அது எப்படி ஒட்டும் என்கிறான். வெள்ளைக்காரன் ரயில் போட்டானே என்று இன்றும் பட்டிமன்றம் நடத்துகிற நமக்கு இந்தப் பக்கத்தை வாசிக்கும்போது சும்மா தாண்டிப் போக முடியாது. 2011இல் இது படமாகவும் வந்தது. நாவலில் மார்க்கஸ் கிளம்பும் முன்பே எஸ்காவுக்கு விடுதலை எழுதிக் கொடுத்துவிடுகிறான், அடிமையாக இருப்பவனைத் தன்னோடு வா என்று கேட்க அவனுக்கு மனம் வரவில்லை. படத்தில் எஸ்கா அடிமையாகவே கிளம்புகிறான். எனக்கு அது பெரிய நஷ்டம்.

ரோமானியப் படை பிரிட்டனை விட்டுப் போகும்போது கப்பல் ஏறாமல் பின்தங்கிவிடும் வீரனின் கதை 'தி லான்டர்ன் பேரர்ஸ்'. சிறுவர் நூல்களுக்கு பிரிட்டனில் தரும் கார்னகி பதக்கம் அவருக்குக் கிடைத்தது இதற்குத்தான், 1959ஆம் ஆண்டுக்கு.

குறையும் உண்டு. அவர் கதைகளில் கதையை நடத்திப் போகிறவர்கள் பெரும்பாலும் ஆண்பிள்ளைகள், பெண்கள் வீட்டில் காத்திருக்கிறார்கள். அதையும் பிள்ளைகளிடம் சொல்லலாம், தவறில்லை.

நோயைப் பற்றித்தான் எழுத வேண்டும் என்றால்கூட அவர் கதைகள் வழியாகவே எழுதலாமே. மார்க்கஸின் கால் கடைசிவரை சரியாவதில்லை, நொண்டிக்கொண்டேதான் அவ்வளவு தூரமும் போகிறான், அதற்காக யாரும் அவனுக்குக் கைதட்டுவதும் இல்லை. 1958இல் வந்த 'வாரியர் ஸ்கார்லெட்' வெண்கலக் காலத்துக் கதை. அதில் வரும் டிரெம் என்ற பையனுக்கு வலது கை சூம்பியிருக்கும். அவன் குலத்தில் தனியாக ஓர் ஓநாயைக் கொன்றால்தான் ஆண்பிள்ளை என்று சேர்த்துக்கொள்வார்கள், முடியாதவன் ஆடு மேய்க்கப் போக வேண்டியதுதான். முதல் ஓநாயிடம் டிரெம் தோற்றுவிடுகிறான்.

அடுத்த இணைப்பில் இடம் இருந்தால் இந்தக் கதையைச் சுருக்கிப் போடுங்கள், முடிவை மட்டும் எழுதிவிடாதீர்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், மதுரை