அந்த ஒரு வரியையும் எழுதுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

மாதவிடாய் நிற்கும் பருவம் என்றாலே உடல் சூடு, தூக்கமின்மை, எலும்புத் தேய்மானம் என்று எழுதுகிறீர்கள். ஆசையைப் பற்றி ஒரு வரிகூட வருவதில்லை. எனக்கு வயது 49, திருமணமாகி 24 ஆண்டுகள். அந்த வரியை நான் எழுதுகிறேன்.

சென்ற மாதம் ஐந்து நாள் தனியாகக் கடலோரம் போய்வந்தேன். வீட்டில் சண்டை ஏதுமில்லை; கணவர்தான் ரயிலேற்றிவிட்டார். முதல் இரண்டு நாளும் தூங்கினேன். மூன்றாம் நாள் மாலை, குளித்த ஈரக் கூந்தலோடு ஜன்னலருகே உட்கார்ந்திருந்தபோது பின்கழுத்தில் காற்று பட்டது. யாருக்கோ உணவு, யாருக்கோ மருந்து என்று ஓடிய உடம்பு எனக்காகச் சிலிர்த்தது. அழுதுவிட்டேன். அன்றிரவு கணவரை நினைத்தேன். கடன் தவணை, மகனின் கல்லூரிக் கட்டணம் எதுவும் குறுக்கே வராமல், அவருடைய கைகளை மட்டும்.

இரண்டு ஆண்டுகளுக்கு முன் ஒரு மருத்துவரிடம், உறவின்போது வலிக்கிறது என்றேன். "இந்த வயதில் எதற்கு?" என்றார் அவர். அந்தக் கேள்வியை இன்னும் என்னால் மன்னிக்க முடியவில்லை. ஈஸ்ட்ரோஜன் என்ற பெண் ஹார்மோன் குறைவதால் பிறப்புறுப்பு வறண்டு வலிக்கலாம். அதற்கு மசகுக் களிம்பு உண்டு, மருத்துவர் பரிந்துரைக்கும் ஈஸ்ட்ரோஜன் களிம்பும் உண்டு. ஊர் திரும்பியபின் வேறொரு மருத்துவரிடம்தான் இதை அறிந்தேன். வலிக்குப் பயந்தே என் ஆசை ஒளிந்திருந்தது.

உங்கள் மகளிர் பக்கத்தில் இதை வெளிப்படையாக எழுதுங்கள். இன்றும் யாரோ ஒருத்தி அந்தக் கேள்வியை வாங்கிக்கொண்டு, தலைகுனிந்து திரும்பிக்கொண்டிருப்பாள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி