பதினொரு வேடத்துக்கு ஒரு வரி

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் நம் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோவைப் பற்றி வந்த கட்டுரையில், 'கையைப் பிசைந்துகொண்டே வரும் வில்லன் நம்பியார்' என்று ஒரே வரியில் மனிதரை முடித்துவிட்டீர்கள். கையைப் பிசைந்தது வாஸ்தவம்தான். மிமிக்ரிக்காரர்கள் இன்னும் அதை விடவில்லை. பத்திரிகையும் விடாது போலிருக்கிறது.

தங்களுக்குத் தெரியாததல்ல. 1950-ல் ஏற்காடு ரோட்டிலிருந்த அந்த ஸ்டுடியோவிலிருந்து வந்த 'திகம்பர சாமியார்' படத்துக்கு அவர்தான் கதாநாயகர். வடுவூர் துரைசாமி அய்யங்காரின் நாவல். பதினொரு வேடம். அதே ஆண்டு 'மந்திரி குமாரி'யில் ராஜகுரு, அதாவது வளர்ந்த மகனுக்கு அப்பா. அப்போது அவருக்கு வயது 31. அந்தப் படத்தில் தளபதியாக வந்த எம்.ஜி.ஆர். அவரைவிட இரண்டு வயது மூத்தவர்! படம் பார்த்த யாருக்காவது அது உறுத்தியதா?

வேடம் என்றால் தாடியை ஒட்டிக்கொண்டு வந்து நிற்பது என்று கட்டுரையாளர் நினைத்திருக்கலாம். அந்த ஒட்டுகிற வேலையையே கொஞ்சம் பார்ப்போம். ஒட்டுத் தாடிக்கான கிரேப் முடி பின்னலாகத்தான் வரும். பிரித்து, நனைத்து, இழுத்துக் கட்டிக் காயவைத்தால்தான் சுருள் போகும். முகத்தை மழித்து, எண்ணெய்ப் பசை இல்லாமல் துடைக்க வேண்டும். ஸ்பிரிட் கம் என்கிற ஒட்டுப் பசையைத் தடவியதும் அவசரப்படக் கூடாது. தொட்டால் பிசுபிசுவென்று இழுக்கும் பதம் வரவேண்டும். அப்புறம் தாடைக்கு அடியில் தொடங்கி, ஓடு வேய்கிற மாதிரி ஒன்றன்மேல் ஒன்றாக மேலே ஏற்றி, ஒவ்வொரு வரிசையையும் ஈரத்துணியால் அழுத்த வேண்டும். கன்னத்துக்குப் போகப்போக முடி மெலிய வேண்டும். இல்லாவிட்டால் க்ளோசப்பில் தேங்காய் நார் ஒட்டியதுபோல் தெரியும்.

இத்தனைக்கும் பிறகு விளக்குச் சூட்டில் வியர்க்கும். முதலில் பிய்வது கடைவாய் ஓரம், பேசும்போது அதிகம் அசைவது அதுதான். பிய்ந்துவிடுமோ என்று வாயை இறுக்கிக்கொண்டால் வசனம் குழறும். முகத்தில் பாதி பசையில் மாட்டிக்கொண்டிருக்கும்போது கண், குரல், நடை மூன்றையும் வைத்துத்தான் ஆளை மாற்றிக் காட்ட வேண்டும். ஒரே படத்தில் பதினொரு முறை!

1955-ல் 'மிஸ்ஸியம்மா'வில் கடனைக் காட்டிக் கல்யாணத்துக்கு நெருக்கும் ஆளாக வந்தார். அங்கே எரிச்சலும் வரும், சிரிப்பும் வரும். 1982-ல் 'தூறல் நின்னு போச்சு' வந்தபோது தியேட்டரே சிரித்தது. இதெல்லாம் கட்டுரையில் இல்லை. கால் பக்கத்துக்கு ஸ்டுடியோவின் நுழைவு வளைவுப் படம் மட்டும் இருக்கிறது. உள்ளே ஸ்டுடியோ போய் வீடுகள் வந்துவிட்டன, வளைவுதான் மிச்சம், சரி. ஆனால் அந்த வளைவு எந்தப் படத்துக்காகத் தாடி ஒட்டிக்கொண்டது?

உங்களை மட்டும் சொல்லவில்லை. டி.வி.யில் பழைய படம் போட்டால் முதலில் வெட்டுவது டைட்டிலைத்தான். அம்மா, மாமனார், கணக்குப்பிள்ளை யாருக்கும் பெயர் கிடையாது. சீரியலில் நிலைமை இன்னும் மோசம். வசனத்தை ஒருவர் ஓரத்தில் நின்று வரிவரியாக எடுத்துக் கொடுப்பார். அதைக் காதில் வாங்குவது முகத்தில் தெரியாமல் பேச வேண்டும். எதிரே ஆளே இல்லாமல் வெறும் சுவரைப் பார்த்து அழுது ரியாக்‌ஷன் கொடுக்க வேண்டும். பெரிய திரையிலிருந்து போன மூத்த நடிகர்கள் இதை நாள்தோறும் செய்கிறார்கள். அவர்கள் பெயர் கடைசியில் எறும்பு ஊர்கிற மாதிரி ஓடி மறையும். 'குணச்சித்திர நடிகர்' என்று உங்கள் பத்திரிகையே முதல் பக்கத்தில் போடும், காலமான மறுநாள். போன வருடம் ஒரு படத்துக்குக் கீழே 'எம்.ஜி.ஆருடன் மற்றொருவர்' என்று அச்சிட்டிருந்தீர்கள். அந்த மற்றொருவர் எஸ்.ஏ. நடராஜன். 'மந்திரி குமாரி'யைத் தூக்கி நிறுத்திய வில்லன்.

நான் கேட்பது சின்ன விஷயம். 'இன்றைய டி.வி. படங்கள்' பகுதியில் நாயகன், நாயகி பெயருக்குப் பக்கத்தில் மூன்றாவதாக ஒரு பெயர் சேருங்கள். இடமில்லை என்றால், நடிகை கோயிலுக்குப் போன செய்தியில் நான்கு வார்த்தையைக் குறைத்துக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
கன்னங்குறிச்சி, சேலம்.