சாவி அல்ல, ஆப்பு

அரியலூர்

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. நானும் உன் அம்மாவும் நலமாக இருக்கிறோம். மாப்பிள்ளையும் பேத்தியும் நீயும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். லண்டனில் குளிர் கூடிவிட்டதாகச் சொன்னாய். பேத்தியைக் காலில் உறை இல்லாமல் நடக்க விடாதே.

பேத்தி தன் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்காக எழுதிய ‘என் தாத்தா’ கட்டுரையை நீ படமெடுத்து அனுப்பியிருந்தாய். அதை நான் நான்கு முறை படித்தேன். அவ்வளவு தொலைவில் பிறந்து வளரும் பிள்ளை ழகரத்தை இத்தனை ஒழுங்காக எழுதுவதைப் பார்த்து உன் அம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது. ஆனால் அதில் ஒரு வரி இருக்கிறது: ‘என் தாத்தா ரயில்வேயில் சாவிக்காரராக வேலை பார்த்தார். ஸ்டேஷனில் உள்ள எல்லாப் பூட்டுகளின் சாவியும் அவரிடம் இருந்தது.’ கீமேன் என்ற என் பதவிப் பெயரை அவள் அப்படிப் புரிந்துகொண்டதில் தவறே இல்லை. 1988 முதல் 2017 வரை நான் அந்தப் பெயரோடு நடந்தேன். நீயும் பள்ளிப் படிவங்களில் ‘தந்தையின் தொழில்’ என்ற இடத்தில் அதையே எழுதி வந்தாய். அதன் பொருளை உன்னை உட்காரவைத்து நான் ஒரு நாளும் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன், பேத்திக்கு நீ அவள் வயதுக்கு ஏற்பச் சொல்.

கீமேன் என்பதில் உள்ள ‘கீ’ பூட்டைத் திறக்கும் சாவி அல்ல, அது ஆப்பு. இரண்டு பொருள்கள் சேரும் இடைவெளியில் அடித்து இறக்கி அவற்றை அசையாமல் பிடித்து வைக்கும் துண்டையும் ஆங்கிலத்தில் அதே சொல்லால்தான் குறிக்கிறார்கள். நம் தச்சர்கள் கதவு நிலையின் மூலையில் அடிக்கும் சிறாய், மண்வெட்டிக் காம்பு கழன்றுவிடாமல் செருகும் சிறு மரத்துண்டு ஆகியவையெல்லாம் அந்த வகையைச் சேர்ந்தவை. ஆப்பு என்ற சொல்லை இந்நாளில் ஒருவரைக் கெடுப்பதற்குச் சொல்லும் சொல்லாக்கிவிட்டார்கள் என்பது எனக்கு வருத்தம்தான், ஏனென்றால் நான் அறிந்த ஆப்பு எதையும் கெடுத்ததில்லை, பிடித்துத்தான் வைத்தது. வடக்கே இந்தி பேசும் ஊர்களில் கீமேனைச் சாபிமேன் என்கிறார்கள். சாபி என்றால் அங்கே சாவிதான். ஆகவே பேத்தி செய்த மொழிபெயர்ப்பை அவளுக்கு முன்பே ஒரு பெரிய தேசம் செய்திருக்கிறது என்று அவளிடம் சொல்.

தண்டவாளம் கட்டையின் மேல் சும்மா கிடப்பதில்லை. அதன் அடிப்பகுதியைச் சிலிப்பரோடு, அதாவது குறுக்கே கிடக்கும் அந்தக் கட்டையோடு, ஏதாவது ஒன்று இறுக்கிப் பிடித்திருக்க வேண்டும். இல்லையென்றால் வண்டியின் பாரத்தில் தண்டவாளம் புரண்டு, இரண்டு தண்டவாளங்களுக்கும் நடுவே உள்ள அகலம் மாறிவிடும். கீமேன் ஆவதற்கு முன்பு, நான் வேலைக்குச் சேர்ந்த 1979-இல் நம் கார்டு லைன், அதாவது விழுப்புரத்திலிருந்து விருத்தாசலம், அரியலூர் வழியாகத் திருச்சிக்குப் போகும் பாதை, மீட்டர்கேஜ் என்ற குறுகிய பாதையாக இருந்தது. என் பகுதியில் பெரும்பாலும் இரும்புச் சிலிப்பர்கள். அவற்றில் தண்டவாளத்தைப் பிடிக்கும் பிடிகளுக்கும் தண்டவாளத்தின் பாதத்துக்கும் இடையே, ஒரு முனை சற்றுக் குறுகிய எஃகு ஆப்பை அடித்து இறக்கியிருப்பார்கள். அதுதான் கீ. ஒவ்வொரு வண்டி போகும்போதும் ஏற்படும் அதிர்வில் அது நூலளவு நூலளவாகப் பின்வாங்கும். பின்வாங்கியதைத் திரும்ப அடித்து உட்கார வைக்க ஒருவர் நாள்தோறும் நடக்க வேண்டும். அப்படி நடந்தவருக்கு அந்த இரும்புத் துண்டின் பெயரே பெயராயிற்று.

அடிப்பதிலும் ஒரு முறை உண்டு. வண்டி ஓடும் திசையில் தண்டவாளமே மெல்ல மெல்ல நகரும். அதை நாங்கள் க்ரீப் என்போம். இரட்டைப் பாதையில் ஒரு வழியில் ஒரே திசையில்தான் வண்டிகள் போகும் என்பதால் அந்தத் திசையை நோக்கியே ஆப்புகளை அடிப்பார்கள். எங்களுடையது அப்போது இரு திசையிலும் வண்டி ஓடும் ஒற்றைப் பாதையாக இருந்தது. ஆகவே ஒரு சிலிப்பரில் ஒரு திசையில் அடித்தால் அடுத்த சிலிப்பரில் எதிர்த்திசையில் அடிக்க வேண்டும். இதை எனக்குச் சொல்லிக்கொடுத்த மேட் (எங்கள் கேங்கின், அதாவது பாதைப் பணிக் குழுவின் தலைவர்), ஆப்பை அடித்து முடித்த பிறகு அதைக் கண்ணால் பார்க்க விடமாட்டார். காதால் கேட்கச் சொல்வார். இறுகிய ஆப்பைச் சுத்தியலால் தட்டினால் கோயில் மணியின் விளிம்பைத் தட்டியதுபோல் தெளிந்த ஓசை வரும்; தளர்ந்ததைத் தட்டினால் ஓட்டைக் குடத்தைத் தட்டிய மாதிரி அடங்கிய ஓசைதான் வரும். தளர்ந்த ஆப்பின் ஓரத்தில் செம்மண்போல மெல்லிய துருப்பொடி படிந்திருக்கும். இரும்பும் இரும்பும் உராய்ந்து உதிர்ந்த பொடி அது. இருட்டு பிரிவதற்குள் வேலையைத் தொடங்கும் நாள்களில் அந்தப் பொடியை விரலால் தடவித்தான் கண்டுபிடிப்பேன்.

எனக்கு ஒதுக்கிய பீட், அதாவது நான் நாள்தோறும் நடந்து பார்க்க வேண்டிய பகுதி, 6 கிலோமீட்டர். போகும்போது ஒரு பக்கத்துத் தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டு போய், திரும்பும்போது மற்றப் பக்கத்தைப் பார்த்துக்கொண்டு வர வேண்டும் என்பது விதி. தோளில் சுத்தியலும் ஸ்பேனரும் இருக்கும். பையில் இரண்டு சிவப்புக் கொடியும் ஒரு பச்சைக் கொடியும், சக்கரம் ஏறியதும் வெடித்து டிரைவரை எச்சரிக்கும் டெட்டனேட்டர் வெடிகளும் இருக்கும். ஆப்பு மட்டும்தான் என் பொறுப்பு என்று எண்ணிவிடாதே. தண்டவாளங்கள் சேரும் இடத்துத் தகடுகளின் போல்ட்டு, ஜல்லி சரிந்த இடம், பாலத்தின் அடியில் தண்ணீர் அரித்த மண் எல்லாமே கீமேனின் கண்ணில் பட்டாக வேண்டும்.

பாலத்தைப் பற்றிச் சொல்லும்போது நம் ஊரில் ஒன்றைச் சொல்லாமல் விட முடியாது. நான் பிறப்பதற்கு முந்தைய ஆண்டு, 1956 நவம்பர் 23 அன்று, அரியலூருக்கு அருகே மருதையாற்றுப் பாலம் வெள்ளத்தில் சேதமடைந்திருந்த நேரத்தில் தூத்துக்குடி எக்ஸ்பிரஸ் வந்து கவிழ்ந்தது. நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். ரயில்வே அமைச்சராக இருந்த லால் பகதூர் சாஸ்திரி அதற்குப் பொறுப்பேற்றுப் பதவி விலகினார். சாஸ்திரியின் விலகலைப் பாடப்புத்தகத்தில் நீ படித்திருப்பாய். எங்கள் கேங்கில் அதைப் பாடமாக வேறு விதத்தில் வைத்திருந்தார்கள். ஐப்பசி, கார்த்திகையில் மழை பிடித்துவிட்டால், பீட்டில் காலை வைத்ததும் ஆப்பைத் தட்டாதே, முதலில் பாலத்துத் தண்ணீரைப் போய்ப் பார் என்று மூத்தவர்கள் சொல்வார்கள். பணி ஓய்வு பெறும் நாள் வரை மழைக்காலத்தில் நான் அந்த வழக்கத்தை மாற்றவில்லை.

நீ மூன்றாம் வகுப்போ நான்காம் வகுப்போ படித்துக்கொண்டிருந்த ஆண்டில் ஒரு மார்கழிக் காலை நடந்ததை உன் அம்மாவிடம் மட்டும் சொல்லியிருக்கிறேன். அன்று பனி தண்டவாளத்தின் மேல் வியர்வைபோல் பூத்திருந்தது. ஓரிடத்தில் ஆப்பைத் தட்டினேன். ஓசை அடங்கிப் போயிருந்தது. அதற்கு அடுத்ததும் அப்படியே இருந்தது. மூன்றாவதும் அப்படியே. மூன்றையும் முந்தின நாள் காலையில்தான் நானே இறுக்கியிருந்தேன். ஒரே இரவில் மூன்று ஆப்புகள் அடுத்தடுத்துத் தளர வேண்டுமானால் தண்டவாளமே அங்கே துள்ளியிருக்க வேண்டும் என்று தோன்றியது. மண்டியிட்டுத் துண்டால் பனியைத் துடைத்தேன். தண்டவாளத்தின் தலையிலிருந்து பாதம் வரை மயிரிழைபோல ஒரு விரிசல் ஓடியிருந்தது. அதில் நகத்தை வைத்தபோது நகம் மாட்டியது. குளிரில் இரும்பு சுருங்கி இழுக்கும்போது, ஏற்கெனவே உள்ளே நலிந்திருந்த இடம் இப்படி விட்டுவிடும்.

அரியலூர்ப் பக்கத்திலிருந்து சிமென்ட் ஏற்றிய கூட்ஸ் வண்டி வரவேண்டிய நேரம் அது. ஒரு சிவப்புக் கொடியை அந்த இடத்தில் நட்டுவிட்டு மற்றதை விரித்துப் பிடித்தபடி ஓடினேன். மீட்டர்கேஜில் 400 மீட்டரில் ஒரு வெடியும், 800 மீட்டரில் பத்துப் பத்து மீட்டர் இடைவெளியில் மூன்று வெடிகளும் தண்டவாளத்தின் மேல் வைத்துக் கட்ட வேண்டும். மூன்றாவதைக் கட்டிவிட்டு நிமிர்ந்தபோது வளைவில் எஞ்சின் விளக்குத் தெரிந்தது. வெடித்த ஓசை கேட்டதும் டிரைவர் பிரேக் போட்டார். விரிசலுக்கு நல்ல தூரம் முன்பே வண்டி நின்றுவிட்டது. பிறகு மேட்டும் கேங்கும் வந்து, உடைந்த இடத்தில் இருபுறமும் தகடு வைத்துக் கிளாம்ப் போட்டு இறுக்கி, ஆள் நடக்கும் வேகத்தில் வண்டியைக் கடத்திவிட்டார்கள். விரிசலை எனக்குக் காட்டிக்கொடுத்தது என் கண் அல்ல, அந்த மூன்று ஆப்புகளின் ஓசை. அந்தப் பெயரின் மேல் எனக்கு இத்தனை பற்று இருப்பதற்கு அதுவே காரணம் என்று எண்ணுகிறேன்.

தொண்ணூறுகளின் இறுதியில் நம் பாதை பிராட்கேஜ் என்ற அகலப் பாதை ஆயிற்று. இரும்புச் சிலிப்பர்களை எடுத்துவிட்டுக் கான்கிரீட் சிலிப்பர்களைப் போட்டார்கள். ஆப்பு இருந்த இடத்துக்கு, வளைத்த எஃகுக் கம்பியாலான கிளிப் வந்தது. அதைக் கண்டுபிடித்தவர் பெர் பாண்டே ரோல்ஃப்சன் என்ற நார்வேக்காரர். அவர் பெயரைச் சுருக்கித்தான் பாண்ட்ரால் கிளிப் என்று சொல்கிறோம். ஒரு சிலிப்பருக்கு நான்கு கிளிப், ஒரு கிலோமீட்டருக்கு 1,660 சிலிப்பர். என் பீட்டில் எத்தனை கிளிப் என்று பேத்தியைக் கணக்குப் போடச் சொல். அத்தனையையும் நாள்தோறும் கண்ணால் தடவிக்கொண்டு போனேன். கிளிப் தன் நெளிவாலேயே தண்டவாளத்தை அழுத்திப் பிடிப்பதால் ஆப்புபோல எளிதில் தளராது. அது ஆப்பைவிட நல்லது என்பதில் எனக்கு ஐயமே இல்லை. ஆனால் தட்டினால் பேசாது. மெயின் லைனில் கீ என்பதே இல்லாமல் போன பிறகும் என்னை எல்லோரும் கீமேன் என்றுதான் அழைத்தார்கள்.

பிறகு காகிதத்தில் பெயர்கள் மாறின. கேங்மேன் டிராக்மேன் ஆகி, அதன்பின் டிராக் மெயின்டெய்னர் ஆனார். கீமேனும் மேட்டும் அதே பெயருக்குள் அடங்கி, எண்ணால் மட்டும் வேறுபட்டார்கள். 2022-இல், வண்டியின் கடைசியில் வரும் கார்டு என்ற பதவியையும் டிரெயின் மேனேஜர் என்று மாற்றிவிட்டார்கள். கேங்மேன் என்பதை மாற்றியது சரி என்றே சொல்வேன். ஊரில் எங்களைக் கேங்கூலி என்று விளித்தவர்கள் உண்டு. உன் அம்மா அந்தச் சொல்லைக் கேட்டுக் கூனிக் குறுகியதை நான் பார்த்திருக்கிறேன். ஆனால் கீமேனை அதோடு சேர்த்துக் கட்டியதில் எனக்கு உடன்பாடு இல்லை. டிராக் மெயின்டெய்னர் என்றால் பாதையைப் பராமரிப்பவர் என்று விளங்குகிறது. அவர் விடியலில் தனியாக எதைத் தேடி நடந்தார் என்பது அதில் இல்லை. இன்றைக்கும் ஸ்டேஷனில் போய்க் கேட்டால், கீமேன் பீட்டுக்குப் போயிருக்கிறார் என்றுதான் சொல்வார்கள். வேலைக்குள் இருப்பவர்கள் அந்தப் பெயரை விடவில்லை.

ஆகவே பேத்தியின் கட்டுரையில் சாவிக்காரர் என்பதை அடித்துவிட்டு ஆப்புக்காரர் என்று எழுத வேண்டாம். கீமேன் என்றே எழுதட்டும். அதற்கு அடுத்த வரியில், ‘தண்டவாளத்தைப் பிடித்திருக்கும் இரும்பு ஆப்புகள் தளராமல் இருக்கின்றனவா என்று தாத்தா தினமும் 12 கிலோமீட்டர் நடந்து பார்த்தார்’ என்று சேர்த்தால் போதும்.

இன்னொரு வேலையும் உனக்கு வைத்திருக்கிறேன். உங்கள் நாட்டில் பழைய பாதைகளில் தண்டவாளத்தை வார்ப்பிரும்புத் தாங்கியில் நிறுத்தி, பக்கத்தில் மர ஆப்பு அடித்திருப்பார்கள். கோடையில் மரம் காய்ந்து சுருங்கினால் அதுவும் தளரும். அங்கும் சுத்தியலோடு ஆள் நடக்க வேண்டியிருந்தது. லண்டனுக்குத் தெற்கே சசெக்ஸில் ப்ளூபெல் ரயில்வே என்று, நீராவி எஞ்சின்களை இன்னும் ஓட்டும் ஒரு பாதை இருக்கிறது. குளிர் விட்டதும் மாப்பிள்ளையும் நீயும் பேத்தியை அங்கே அழைத்துப் போங்கள். எஞ்சினைப் பார்த்து முடித்த பிறகு, பிளாட்பாரத்தின் ஓரத்தில் பாதுகாப்பாக நின்று, கீழே தண்டவாளத்தின் பக்கத்தில் செருகியிருக்கும் அந்தத் துண்டை அவளுக்குக் காட்டு. அதைக் கிட்டத்தில் படமெடுத்து எனக்கு அனுப்பு. மரத்தாலான கீயை நான் கண்ணால் பார்த்ததில்லை.

உன் அம்மா எலுமிச்சை ஊறுகாய் போட்டு வைத்திருக்கிறாள். ஊருக்கு வருகிறவர் யாராவது இருந்தால் சொல், கொடுத்தனுப்புகிறோம். பேத்திக்கு எங்கள் முத்தங்கள்.

அன்புடன்,
உன் அப்பா