‘கசிந்தது’ என்று எழுதாதீர்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

போன வாரம் ஒரு பெண்ணின் அந்தரங்கக் காட்சி பரவியது பற்றிய செய்திக்கு ‘வீடியோ கசிந்தது’ என்று தலைப்பிட்டிருந்தீர்கள். கசிவதற்கு அது என்ன தண்ணீர்க் குழாயா? ஒருவன் எடுக்கிறான், இன்னொருவன் அனுப்புகிறான், நூறு பேர் தள்ளிவிடுகிறார்கள். ‘கசிந்தது’ என்றால் இத்தனை பேரும் தப்பித்துவிடுகிறார்கள், அவள் மட்டும் மாட்டிக்கொள்கிறாள்.

இதைச் சொல்ல எனக்குத் தகுதி கொஞ்சம் குறைவுதான். 2019-இல், பொள்ளாச்சியில் பெண்களைச் சீரழித்துப் படம் எடுத்த கும்பலின் காணொளி எங்கள் தெரு வாட்ஸ்அப் குழுவுக்கும் வந்தது. ‘அண்ணா’ என்று அந்தப் பெண் கெஞ்சுவதைக் கேட்டு மனம் பதறி, ‘பெண் பிள்ளைகள் ஜாக்கிரதை’ என்று மேலே எழுதி, சொந்தக்காரர்களுக்கெல்லாம் அனுப்பினேன். மருமகள்தான் கேட்டாள்: "அந்தப் பொண்ணு அழுறது ஊருக்கெல்லாம் போகட்டுமான்னு அவகிட்ட கேட்டீங்களா மாமா?" உடனே அழித்தேன். என் போனில் மட்டும்தான் அழிந்தது.

இத்தனைக்கும் நான் தபால்காரனாக இருந்தவன். அஞ்சல் அட்டை மூடியா வரும்? படிக்கத் தெரியாத பாட்டிகளுக்கு நானே வாசித்துச் சொல்வேன். யார் வீட்டில் கடன், எந்த மகள் கோபித்துக்கொண்டு வந்திருக்கிறாள் என்பதெல்லாம் தெரியும். அடுத்த வாசலில் வாய் திறந்ததில்லை. போன் கைக்கு வந்ததும் அந்தப் பழக்கம் எங்கே போனது என்று தெரியவில்லை.

அந்தப் பொள்ளாச்சி வழக்கில் புகார் கொடுத்த பெண்ணின் பெயரைக் காவல்துறை அதிகாரியே பத்திரிகையாளர்களிடம் சொன்னார், அரசாணையிலும் பெயர் வந்தது. அதற்காக 25 லட்சம் ரூபாய் இழப்பீடு தரச் சொன்னது உயர் நீதிமன்றம். ஒன்பது பேருக்கு ஆயுள் தண்டனை கிடைக்க 2025 மே வரை ஆனது.

படம் எடுக்க ஒரு பெண் சம்மதித்திருந்தாலும், அவள் சம்மதமில்லாமல் அதை மற்றவர்களுக்கு அனுப்புவது குற்றம் என்று 2013-லேயே சட்டம் வந்துவிட்டது. இப்போது அது, பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 77-வது பிரிவு. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66இ பிரிவோ எடுப்பவர், வெளியிடுபவர், அனுப்புபவர் என மூவரையும் பிடிக்கிறது. மூன்றாண்டு வரை சிறை. மூன்றாவது ஆள் என்னைப் போன்றவர்தான்.

அதனால் அடுத்த முறை ‘பரப்பினார்கள்’ என்று எழுதுங்கள். அப்புறம், தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்தில் இப்படிப்பட்ட காணொளிகளைப் பற்றிப் பெயர் சொல்லாமலே புகார் செய்யலாம் என்பதையும் செய்திக்குக் கீழே போடுங்கள். ராசிபலனுக்கு அரைப்பக்கம் கொடுக்கிறீர்கள், இதற்கு நாலு வரி போதும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தபால்காரர்,
திண்டுக்கல்.